ஒரே முகம், இரண்டு சகோதரர்கள்

வணக்கம். ‘மிஷன் இம்பாசிபிள் 3’ வில்லனாக மட்டுமே தெரிந்திருந்த பிலிப் சீமோர் ஹாஃப்மனை இப்போதுதான் தேடிப் பார்க்கிறேன். எந்த வேடத்துக்கும் பொருந்துபவர் என்கிறார்கள். எனக்கோ எல்லாப் படத்திலும் அதே முகம், அதே பருத்த உடல். மாறுவேடமே கிடையாது. இதில் என்ன பன்முகம்? ‘டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்’ நாடகத்தின் நாயகன் வில்லி லோமனாக மேடையில் நடித்த பாதிப்பில்தான் இறந்தாராமே? எந்த வரிசையில் பார்க்கலாம்?
— கே.

அன்புள்ள கே.,

இரண்டாவது கேள்வியை முதலில் முடித்துவிடுகிறேன். இல்லை. 22 வயதில் போதையை விட்டு, இருபது ஆண்டுகளுக்கு மேல் தொடாமல் இருந்தவர். அது திரும்ப வந்து, 2014 பிப்ரவரியில், 46 வயதில் அவரைக் கொண்டுபோனது. அது நோய். அதைக் கலைக்குக் கொடுத்த பலி என்று ஜோடிப்பது இறந்தவருக்குச் செய்யும் அநியாயம். இனி யாரிடமும் சொல்லாதீர்கள்.

முகத்துக்கு வருவோம். ஒட்டுத்தாடிகளை எண்ணி நடிகரை அளக்கும் பழக்கத்தை எப்போது விடப்போகிறோம்? நீங்கள் பார்த்த படத்திலேயே விடை இருக்கிறது. வத்திக்கானில் கதாநாயகன் ஈதன் ஹண்ட் வில்லனின் முகமூடியைப் போட்டுக்கொண்ட பிறகு, அந்த முகத்தோடு நடமாடுவது ஹாஃப்மன்தான். முகம் வில்லனுடையது, உள்ளே இருப்பவன் ஈதன். பார்த்தும் கவனிக்காமல் விட்டிருக்கிறீர்கள்.

இதைவிடக் கடினமானதை அவர் 2000-லேயே செய்துவிட்டார். நியூயார்க்கின் நாடக வட்டாரமான பிராட்வேயில், சர்க்கிள் இன் த ஸ்கொயர் அரங்கில், சாம் ஷெப்பர்ட் எழுதிய ‘ட்ரூ வெஸ்ட்’ நாடகம். இயக்கம் மேத்யூ வார்கஸ். அண்ணன் லீ, பாலைவனத்தில் சுற்றும் திருடன். தம்பி ஆஸ்டின், திரைக்கதை எழுதுகிறவன். அம்மா ஊரில் இல்லாத வீட்டின் சமையலறையில் இருவரும் மோதுகிறார்கள். ஹாஃப்மனும் ஜான் சி. ரைலியும் சில ஷோக்களுக்கு ஒருமுறை பாத்திரங்களை மாற்றிக்கொண்டார்கள். பிராட்வே நாடகங்களுக்குத் தரப்படும் டோனி விருதுகளில், சிறந்த நடிகருக்கான விருதுக்கு இருவருமே பரிந்துரைக்கப்பட்டார்கள்.

இரண்டு பங்கு வசனம் மனப்பாடம், அவ்வளவுதானே என்று நினைக்காதீர்கள். எங்கே நின்று, எதைக் கையில் பிடித்துக்கொண்டு சொன்னோமோ, வசனம் அதோடு ஒட்டிக்கொள்ளும். இரண்டு பங்கும் தெரிந்தவருக்கு எதிராளியின் வரி தன் வாயிலேயே வந்து நிற்கும். அதைவிட ஆபத்து, காது மூடிக்கொள்வது. அடுத்து வரப்போவது தெரியும் என்பதால் பதில் அரை நொடி முந்திவிடும். சண்டை அங்கேயே செத்துப்போகும்.

போதாததற்கு, நாடகத்துக்குள்ளேயே சகோதரர்கள் இடம் மாறுகிறார்கள். லீ டைப்ரைட்டர் முன்னால் உட்கார, ஆஸ்டின் அக்கம்பக்கத்து வீடுகளில் டோஸ்டர் திருடப் போகிறான். லீயாக வருபவர் முதல் பாதியிலேயே முரட்டுத்தனத்தை எல்லாம் செலவழித்துவிட்டால், எழுத வராமல் தவிக்கும் லீக்கு மிச்சம் எதுவும் இருக்காது. ஆஸ்டினை வெறும் சாதுவாகச் செய்தால் திருட்டை யாரும் நம்பமாட்டார்கள்.

எட்டாம் காட்சியை எடுத்துக்கொள்ளுங்கள். திருடிய டோஸ்டர்கள் வரிசையாக இருக்கின்றன. ஆஸ்டின் சுட்ட ரொட்டிக்கு வெண்ணெய் தடவித் தட்டில் அடுக்குகிறான். லீ தட்டைத் தட்டிவிட்டு, சிதறிய துண்டுகளை மிதித்து நொறுக்கியபடி தம்பியைச் சுற்றிச் சுற்றி வருகிறான். ஆஸ்டின் தரையிலிருந்து ஒவ்வொன்றாகப் பொறுக்கி மறுபடி அடுக்குகிறான். சுற்றுகிறவர் வேகம் கூட்டினால் மிரட்டல் போய்விடும். பொறுக்குகிறவர் அண்ணாந்து பார்த்துப் பரிதாபம் தேடினால் காட்சி அழுகையாகிவிடும், அவர் கவனம் ரொட்டியில்தான் இருக்க வேண்டும். ஒரு ஷோவில் மிதித்த அதே ஹாஃப்மன் அடுத்த சில ஷோக்களில் பொறுக்கினார். நீங்கள் அலுத்துக்கொண்ட அதே முகம், அதே உடல்! வயதும் அப்படித்தான். 2012-ல் ‘டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்’ மேடையேறியபோது அவருக்கு 44 வயது; அவர் நடித்த வில்லி லோமனுக்கு 63.

வரிசை கேட்டிருந்தீர்கள். 1999-ல் வந்த இரண்டு படங்களை ஒரே நாளில் பாருங்கள். ‘மேக்னோலியா’வில் சாகக்கிடக்கும் முதியவரின் மகனைத் தேடி, முன்பின் தெரியாதவரிடம் போனில் கெஞ்சும் நர்ஸ். ‘தி டாலன்டட் மிஸ்டர் ரிப்ளி’யில், ரோம் வீட்டில் பியானோ கட்டைகளை வேண்டுமென்றே தட்டிப் பார்க்கும் பணக்காரத் திமிர். இந்த இரு காட்சிகளையும் ஒருமுறை ஒலியை அணைத்துவிட்டுப் பார்த்து, கழுத்தையும் கைகளையும் கவனியுங்கள். ஆஸ்கர் வாங்கித் தந்த ‘கபோட்டி’யை அப்புறம் வைத்துக்கொள்ளலாம். அதில் குரல் எடுத்த எடுப்பிலேயே ஆளை இழுத்துக்கொள்ளும், உடலைக் கவனிக்க விடாது.