கேளுங்கள், சொல்கிறோம்: ஆவணப்படத்துக்கு முன்பே ஸ்கிரிப்ட் எழுத முடியுமா?

கேள்வி: பாலாறும் தோல் தொழிற்சாலைகளும் பற்றி 30 நிமிட ஆவணப்படம் எடுக்க ஆசை. நடக்கப்போவது தெரியாமல் எப்படி எழுதுவது? தயாரிப்பாளருக்கு என்ன வேலை?
– வாசகர், வாணியம்பாடி

பதில்: இரண்டு முறை எழுத வேண்டும். முதலில் மூன்று பக்கம்: யாரைப் பின்தொடர்கிறோம், எங்கே, எந்தப் பருவத்தில், என்ன கேள்வியோடு. பாலாறு வறண்ட கோடையிலும் வடகிழக்குப் பருவமழையிலும் படம்பிடிக்கத் திட்டமிடுங்கள். 'மாசு' என்பது தலைப்புதான், கதை அல்ல. ஆலைக் கழிவால் கிணற்று நீர் கெட்ட ஒரு விவசாயி, அதே ஆலையில் கூலி வாங்கும் அவர் மகன் என்றால் கதை. வேலூர் பகுதி தோல் ஆலைகளின் மாசு பற்றிய 1996 உச்ச நீதிமன்றத் தீர்ப்பை முழுதாகப் படியுங்கள். மாசுபடுத்துபவரே ஈடு தர வேண்டும் என்ற கொள்கை அதில் இருக்கிறது.

இரண்டாவது எழுத்துதான் உண்மையான ஸ்கிரிப்ட். பேட்டிகளை நேரக்குறிப்போடு தட்டச்சு செய்து, தாளிலேயே வெட்டி ஒட்டி வரிசைப்படுத்துங்கள். இதைத் தவிர்த்தால் எடிட்டிங் அறையில் வாரக்கணக்கில் பணம் கரையும்.

பலர் கோட்டை விடுவது ஒலியில். தோல் பதனிடும் டிரம் ஓடும்போது பக்கத்தில் பேட்டி எடுத்தால் அதைச் சரிசெய்வது மிகக் கடினம். சட்டையில் குத்தும் மைக் வையுங்கள்; ஒவ்வொரு இடத்திலும் யாரும் பேசாமல், அந்த இடத்தின் ஒலியை மட்டும் 30 விநாடி பதியுங்கள்.

தயாரிப்பாளர் பட்ஜெட், எழுத்துவழி ஒப்புதல், பழைய புகைப்பட உரிமை, அனுமதி எல்லாம் பார்ப்பார். வேலூர்க் கோட்டையைக் காட்டுவதானால் இந்தியத் தொல்லியல் துறைக்கு முன்கூட்டியே விண்ணப்பியுங்கள். பதிவுகளை அன்றிரவே இரண்டு டிஸ்க்கில் ஏற்றி, வெவ்வேறு வீட்டில் வையுங்கள்.