ஒரு பெண், அண்ணன் தம்பி இருவர்: ஷில்லாய் கல்யாண வீடியோ கேள்வி பதில்

2025 ஜூலையில் இமாச்சலப் பிரதேசம், சிர்மௌர் மாவட்டம் ஷில்லாயில், ஹாட்டி சமூகத்துப் பெண் ஒருவர் அண்ணன் தம்பி இருவரையும் ஊரறிய மணந்தார். அந்த வீடியோவைப் பார்த்துவிட்டு நீங்கள் கேட்டவற்றுக்குப் பதில் இங்கே.

மேடம், இது லைக்குக்காகப் போட்ட நாடகம்தானே?

இல்லை. சகோதரர்கள் ஒரே பெண்ணை மணக்கும் ‘ஜோடிதாரா’ அங்கே தலைமுறை தலைமுறையாக உள்ள வழக்கம். மலைச்சரிவில் விளைநிலம் கொஞ்சம்தான். அண்ணன் தம்பிகள் தனிக்குடித்தனம் போனால், பாகம் பிரித்ததும் யாருக்கும் பிழைக்கிற அளவு மிஞ்சாது. ஒரே மனைவி, ஒரே அடுப்பு என்றால் நிலம் துண்டாகாது. இமாச்சலின் முதல் முதலமைச்சர் ஒய்.எஸ். பர்மார் சிர்மௌர்க்காரர், முனைவர் பட்டத்துக்கு அவர் ஆராய்ந்ததே இந்த வழக்கத்தைத்தான். ரீலில் மாலையும் மேளமும்தானே தெரியும், நிலக் கணக்கு எங்கே தெரியப்போகிறது?

சட்டப்படி செல்லுமா?

1955இன் இந்து திருமணச் சட்டம், கணவனோ மனைவியோ இருக்கும்போது இன்னொருவரை மணப்பதை ஏற்பதில்லை. ஆனால் அதன் 2(2) பிரிவின்படி, மத்திய அரசு தனியாக அறிவித்தால் ஒழிய, அச்சட்டம் பட்டியல் பழங்குடியினருக்குப் பொருந்தாது. ஹாட்டிகளை அந்தப் பட்டியலில் சேர்க்க 2023இல் சட்டம் வந்தது. 2024 ஜனவரியில் உயர் நீதிமன்றம் அதற்கு இடைக்காலத் தடை விதித்தது. ஆக, இதற்கு நேரடியான பதில் இல்லை. ‘ஜெயிலில் போடு’ என்பவர்களும் ‘சட்டமே ஒத்துக்கொண்டது’ என்பவர்களும் அவசரப்படுகிறார்கள்.

அந்தப் பெண்ணைக் கட்டாயப்படுத்தியிருந்தால்?

கேட்க வேண்டிய கேள்வி. இது தன் சொந்த முடிவு என்று அவர் வெளிப்படையாகவே சொன்னார். அனைத்திந்திய ஜனநாயக மாதர் சங்கம் இந்த வழக்கத்தைக் கண்டித்தது. அந்தக் கண்டனத்தை மதிக்கிறேன். நிலத்துக்காகப் பிறந்த வழக்கத்தில் ஒரு பெண் ‘மாட்டேன்’ என்று சொல்ல எவ்வளவு இடம் இருக்கும்? இதைப் பேசினால் பயன் உண்டு. கமெண்டுகளில் நான் பார்த்ததோ ‘யாருக்கு எந்தக் கிழமை?’, ‘டைம் டேபிள் உண்டா?’ என்பவைதான். வீடியோவில் மூன்று பேர் நிற்கிறார்கள். அசிங்கமான பேச்செல்லாம் அந்தப் பெண்ணுக்கு மட்டும். படிக்கப் படிக்க வயிறு எரிகிறது.

நம் ஊரில் இப்படியெல்லாம் உண்டா அக்கா?

நீலகிரித் தோடர்களிடம் இருந்தது. சகோதரர்கள் ஒரு பெண்ணை மணப்பார்கள். கர்ப்ப காலத்தில் வில் அம்பு கொடுக்கும் சடங்கைச் செய்பவரே குழந்தைக்குத் தந்தை.

நானும் ஷேர் பண்ணிவிட்டேன். இப்போது என்ன செய்ய?

எடுத்துவிடுங்கள். அப்புறம், ‘சீ’ என்று திட்டி எழுதினாலும் தளத்துக்கு அது ஒரு கமெண்ட்தான். வீடியோ இன்னும் நாலு பேருக்குப் போகும். ஆபாசமாக எழுதுபவருக்குப் பதில் சொல்லாமல் ரிப்போர்ட் அடியுங்கள்.