மிச்சத் துணியில் நகை: கேள்வி பதில்

கேள்வி: அக்கா, பிளவுஸ் தைத்தது போக மிஞ்சிய துணி நிறைய இருக்கிறது. எதில் ஆரம்பிக்கலாம்?

பதில்: நெருக்கமாக நெய்த பருத்தியில் ஆரம்பியுங்கள். கலம்காரி, அஜ்ரக் (மர அச்சுத் துணி), இக்கத் (நூலிலேயே சாயம் கட்டி நெய்தது) எல்லாமே ஒத்துவரும். மச்சிலிப்பட்டினத்து அச்சுக் கலம்காரியில் சின்னச் சின்னப் பூக்கள் திரும்பத் திரும்ப வரும், கம்மலுக்கு நல்லது. காளஹஸ்தி கைவரைத் துணியில் உருவங்கள் பெரிது. ஒரு முகத்தையோ மயிலையோ அப்படியே வெட்டி டாலராக்கலாம். ஷிஃபான், சாட்டின் இப்போதைக்கு வேண்டாம். வெட்டிய உடனே நூல் பிரியும்.

எந்தத் துணியானாலும் முதலில் நனைத்து, ஈரத்தோடு ஒரு வெள்ளைத் துணியை மேலே அழுத்திப் பாருங்கள். சாயம் ஒட்டினால் அதில் மாலை கூடாது, கழுத்து வியர்வை பட்டதும் சாயம் ஏறிச் சட்டை போச்சு!

கேள்வி: மர மணியைத் துணிக்குள் போட்டு மாலை செய்தேன். மணிக்கு மணி சுருக்கம் விழுகிறது. ஏன்?

பதில்: துணியை நேராக வெட்டியிருப்பீர்கள். டெய்லர்கள் ‘கிராஸ்’ என்பார்களே, அப்படி ஓரத்துக்கு 45 டிகிரி சாய்வாக வெட்டுங்கள். நேர்வெட்டுத் துணி இழுத்தாலும் கொடுக்காது. கிராஸ் இழுபட்டு மணியின் வளைவில் படியும்.

அகலமும் முக்கியம். 18 மி.மீ. மணிக்குச் சுற்றளவு சுமார் 57 மி.மீ. தையலுக்கு இரண்டு பக்கமும் சேர்த்து 10, மணி உள்ளே நகர 3. ஆக 7 செ.மீ. அகலப் பட்டை. குழாயாகத் தைத்து, ஊக்கு மாட்டித் திருப்பிக்கொள்ளுங்கள்.

மணிகளுக்கு நடுவே முடிச்சுப் போட்டால் துணியை நிறைய விழுங்கும். ஒரு முடிச்சு போட்டு, அவிழ்த்து, எவ்வளவு போனது என்று அளந்து பெருக்கிக்கொண்ட பிறகு பட்டையை வெட்டுங்கள். தடிப்பான துணி என்றால் முடிச்சே வேண்டாம். நூலால் இறுக்கிக் கட்டி, மேலே வாய் திறக்கும் ஒரு பித்தளை வளையம் மாட்டுங்கள். அதைத் திறக்கும்போது இரு குறடால் பிடித்து ஒரு முனையை முன்னும் மறுமுனையை பின்னுமாகத் திருகுங்கள். பக்கவாட்டில் விரித்தால் பழைய வட்டத்துக்குத் திரும்பாது.

கேள்வி: அட்டையில் ஒட்டிய கம்மல் ஒரே மாதத்தில் கழன்றுவிட்டது. குளூ கன்தான் பயன்படுத்தினேன்.

பதில்: அது சூட்டில் இளகுகிற பசை. சித்திரை வெயிலில் வண்டிப் பெட்டிக்குள் கிடந்தாலே போதும், விட்டுவிடும். துணிப் பசையைத் துணியில் பூசாமல் அட்டையில் மெல்லிசாகப் பூசுங்கள், கறை மேலே தெரியாது. ஓரத்தைச் சுற்றி நாலு தையலும் போட்டுவிடுங்கள். அட்டையைவிட எம்.டி.எஃப். பலகை (மரத்தூளை அழுத்திச் செய்தது) நிற்கும், பெரிய கம்மலுக்கு மட்டும் கனம் பார்த்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: எனக்குக் காது அரிக்கிறது. துணி நகைதானே?

பதில்: பெரும்பாலும் கொக்கியில் இருக்கும் நிக்கலின் வேலை. வெள்ளிக் கொக்கிக்கு மாற்றிப் பாருங்கள். புண் இருந்தால் ஆறும்வரை எதையும் மாட்டாதீர்கள்.

கேள்வி: பாட்டியின் காஞ்சிபுரம் சேலையை வெட்டலாமா?

பதில்: வீட்டில் எல்லாரும் சம்மதித்தார்களா? அது முதலில். பிறகு, பழைய அசல் ஜரிகையில் வெள்ளி இருக்கும், அதற்கே விலை உண்டு. விசாரித்துக்கொண்டு கத்தரியை எடுங்கள். பழைய பட்டு மடிப்பில் இற்றிருக்கும். துணியின் பின்பக்கம், சூட்டில் ஒட்டிக்கொள்ளும் கேன்வாஸ் (விறைப்புத் துணி) வைத்து மிதமான சூட்டில் இஸ்திரி போட்ட பிறகே வெட்ட வேண்டும். பார்டர் துண்டு, கழுத்தை ஒட்டிப் போடும் சோக்கருக்கு அருமையாக இருக்கும்.

கேள்வி: துவைக்கலாமா?

பதில்: அட்டை வைத்ததைக் கூடாது. மணி மாலையை ஈரத் துணியால் துடைத்து நிழலில் காயவிடலாம்.

கேள்வி: விலை எப்படிப் போடுவது? “துணிதானே” என்று பேரம் பேசுகிறார்கள்.

பதில்: மிச்சத் துணியையும் இலவசமாகக் கணக்கிடாதீர்கள், நாளைக்கு ஆர்டர் வந்தால் கடையில்தான் வாங்க வேண்டும். துணி, மணி, கொக்கி, டப்பா எல்லாம் கூட்டி, செலவான நேரத்துக்கு உங்கள் ஊர்த் தையல் கூலியையாவது சேருங்கள். அதற்குக் கீழே கேட்பவரிடம், மாலையைக் குறைக்காமல் அதே துணியில் ஒரு சின்னக் கம்மலைக் காட்டுங்கள். பாதிப் பேர் அதை வாங்கிக்கொள்வார்கள்.