தன்னைத் தானே உண்டாக்கும் காலச் சுழல்: அந்தத் தாயத்தைச் செய்தது யார்?

கேள்வி: நான் எழுதும் மாயாஜால நாவலில் ஒரு மருத்துவச்சி, கிழவியான பிறகு 50 வருஷம் பின்னோக்கிப் போய், 12 வயதுச் சிறுமியாக இருக்கும் தன்னிடமே ஒரு செப்புத் தாயத்தைக் கொடுக்கிறாள். சிறுமி அதை வளர்ந்து கிழவியாகும் வரை கழுத்தில் போட்டிருக்கிறாள். 'அப்படியானால் அதைச் செய்தது யார்?' என்று நண்பர்கள் மடக்குகிறார்கள். ஓட்டை இல்லாமல் எப்படி எழுதுவது?

பதில்:

நண்பர்களின் கேள்விக்குப் பயப்பட வேண்டாம். 'யாரும் செய்யவில்லை' என்பது இந்த வகைக் கதையில் செல்லுபடியாகும் பதில்தான். உங்கள் ஓட்டை வேறு இடத்தில் இருக்கிறது: தேய்மானம்.

50 வருஷம் கழுத்தில் கிடந்த செம்பு களிம்பேறும், கயிறு கோத்த வளையம் இழைந்து மெலியும், கோடுகள் மழுங்கும். 62 வயதில் அவள் கொடுப்பதும் 12 வயதில் அவள் வாங்கியதும் ஒரே தாயத்து என்றால், கை மாறும் அந்தக் கணத்தில் அது தேய்ந்தும் தேயாமலும் இருந்தாக வேண்டும். 'ஒவ்வொரு சுற்றுக்கும் கொஞ்சம் கொஞ்சமாகத் தேயும்' என்று பலர் சமாளிப்பார்கள். அது தப்பு. ஒரே நாள் திரும்பத் திரும்ப விடிகிற கதையில்தான் பல சுற்றுகள். இங்கே நடப்பது ஒரே ஒரு முறை. அது வட்டமாக வளைந்திருக்கிறது, அவ்வளவுதான்.

லோசெவ், நோவிகோவ் என்ற இரு இயற்பியலாளர்கள் 1992ல் இதையே ஆராய்ந்தார்கள். சுழலுக்குள்ளேயே பிறந்து அங்கேயே முடியும் பொருளுக்கு அவர்கள் வைத்த பெயர் 'ஜின்', அதாவது அரபுக் கதைகளில் வரும் பூதம் (மாயாஜாலக் கதை எழுதுபவருக்கு இதைவிட என்ன வேண்டும்!). பொருளே சுழன்றால் முதல் வகை, தகவல் மட்டும் சுழன்றால் இரண்டாம் வகை. முதல் வகைக்குத் தேய்மானத்தை வெளியிலிருந்து சக்தி கொடுத்து ஈடுகட்டியே ஆக வேண்டும். 'மந்திரம் அதைப் புதிதாக்கியது' என்று ஒரு வரியில் முடிக்கலாம். வாசகர் மன்னிப்பார், ஆனால் நம்ப மாட்டார். இரண்டாம் வகைக்கு மாற்றிவிடுங்கள்.

மாற்றுவது சுலபம். அவளுக்கு 61 வயதாகும்போது ஓர் ஆசாரியிடம் போய், தேய்ந்த தாயத்தைக் காட்டி, புதுச் செம்பில் அதே மாதிரி ஒன்று அடிக்கச் சொல்கிறாள். காலத்தில் பின்னோக்கிப் போவது புதியது. பழையது அவள் வீட்டுப் பானையிலேயே கிடக்கட்டும். அதை உருக்கித்தான் புதியதைச் செய்தார் என்று மட்டும் எழுதிவிடாதீர்கள். அதே செம்பு மறுபடி சுழலுக்குள் போய்விடும், பட்ட பாடெல்லாம் வீண். முதல் அத்தியாயத்தையும் திருத்த வேண்டும்: சிறுமி கையில் வாங்குவது பளபளவென்று, ஓரம் கூர்மையாக இருக்க வேண்டும்.

இன்னொரு சிக்கல் மிச்சம். மழுங்கிய கோடுகளைப் பார்த்து ஆசாரி எப்படிச் சரியாகச் செய்வார்? அழிந்த இடத்தைத் தன் கைப்பழக்கத்தால் நிரப்புவார். பழையதும் அவர் கை வேலைதானே, அதனால் நிரப்புவது அப்படியே பொருந்தும். நகலெடுத்த பிறகும் மாறாத வடிவம் மட்டுமே இப்படிப்பட்ட சுழலில் நிலைக்கும். இந்த இடத்தைக் கதையில் தாராளமாகக் காட்டுங்கள்.

"ஆச்சி, இது எந்த ஊர் வேலை? என் உளி பட்ட மாதிரியே இருக்கு" என்று அவர் கேட்கட்டும். அவள் பதில் சொல்ல வேண்டியதில்லை. செம்பு சுரங்கத்திலிருந்து வந்தது, செய்தது ஆசாரி, வடிவத்தை மட்டும் யாரும் யோசித்ததில்லை. உங்கள் நண்பர்களுக்கும் அதுதான் பதில்.

அடுத்து, 'அவள் போகாமல் இருந்துவிட்டால்?' என்று கேட்பார்கள். விதி வந்து காலை வாரிவிடுகிற மாதிரி எழுதாதீர்கள், சலிப்பாக இருக்கும். பில்லியர்ட்ஸ் பந்து ஒன்று காலத்தில் பின்னோக்கி வந்து, தன்னையே மோதி, பின்னோக்கிப் போகும் வாசலுக்குள் நுழையவிடாமல் தடுத்தால் என்ன ஆகும் என்று போல்சின்ஸ்கி என்ற இயற்பியலாளர் ஒரு புதிர் போட்டார். எச்செவெரியா, கிளிங்காமர், தோர்ன் என்ற இயற்பியலாளர்கள் மூவரும் 1991ல் விடை வெளியிட்டார்கள்: பந்து நேராக மோதாமல் லேசாக உரசிப் போகும், அந்த உரசலால் பாதை சற்று விலகும், விலகியதால்தான் திரும்பி வரும்போது நேராக மோதாமல் உரசுகிறது. உங்கள் மருத்துவச்சியும் தடுக்கத்தான் போகட்டும். 'இது இவள் கையில் சிக்கவே கூடாது' என்று தாயத்தை ஆற்றில் எறிகிறாள். அது சிறுமியின் மீன்வலையில் விழுகிறது. இதற்கு முதல் அத்தியாயம் இடம் கொடுக்க வேண்டும். 'கிழவி கொடுத்தாள்' என்பதை எடுத்துவிட்டு, கரையில் ஒரு கிழவியைப் பார்த்தாள், வலையில் தாயத்து கிடந்தது என்று கண்ணில் பட்டதை மட்டும் எழுதுங்கள்.

எழுதும்போது நோட்டில் இரண்டு பத்தி போடுங்கள். இடப்பக்கம் உலகத்து ஆண்டு, வலப்பக்கம் அவள் வயது. ஒவ்வொரு வரியிலும் உடம்பில் என்ன தழும்பு, கையில் என்ன பொருள், மனசில் என்ன தெரியும் என்று குறியுங்கள். பெரும்பாலும் சொதப்புவது மூன்றாவதில்தான்: கரையில் பார்த்த கிழவி தான்தான் என்று அவளுக்கு எந்த வயதில் புரிகிறது? முப்பதிலேயே புரிந்தால், அதன் பிறகு 62 வரை தனக்குச் சாவு இல்லை என்று அவளுக்கும் தெரியும், வாசகருக்கும் தெரியும். காய்ச்சலோ கத்தியோ இனி அவளை மிரட்டாது. ஆபத்தை அவள் மகள் மேலோ ஆசாரி மேலோ வையுங்கள். ஆனால் ஆசாரியை அவள் 61 வயதுக்கு முன் கொன்றுவிடாதீர்கள்.