டெவலப்னு சொன்னா ஏன் புரிய மாட்டேங்குது

தம்பி, இங்கிலீஷ் பேசற ஊருக்கு வந்து மூணு மாசம் ஆச்சு, ஆபீஸ்ல நான் பேசுற இங்கிலீஷ் யாருக்கும் புரியல, ஆக்சன்ட் கிளாஸ்ல சேரலாமா, வீடு எந்தப் பக்கம் பாக்கலாம்னு கேட்டிருக்கீங்க. வீட்டு விஷயம் மத்தவங்க சொல்லுவாங்க, நான் முதல் கேள்விக்கு மட்டும் வரேன், ஏன்னா அதே அடி நானும் வாங்கியிருக்கேன்.

கிளாஸ்ல பணத்தைக் கொட்டாதீங்க. நான் போன எடத்துல ரெண்டு மாசம் நாக்கை எப்படி மடிக்கணும்னுதான் சொல்லிக் குடுத்தாங்க, வார்த்தையில எந்த எடத்துல அழுத்தணும்னு ஒருத்தரும் வாயே திறக்கல. நம்ம ஆளுங்கள்லயே சிலர் வந்த ஆறே மாசத்துல நாக்கைச் சுழட்டிப் பேச ஆரம்பிச்சிடுவாங்க, ஆனா அழுத்தம் பழைய எடத்துலயே இருக்கும், அப்புறம் எங்க புரியும்? இதைப் பாத்தா எனக்கு இன்னிக்கும் கோவம் வரும்.

நமக்குப் படம், பாடம்னு நீளம் மாறினா அர்த்தம் மாறும், அழுத்தம் மாறினா ஒண்ணும் ஆகாது. அதனால நம்ம காது நீளத்தைப் பிடிக்கும், அழுத்தத்தை விட்டுடும். இங்கிலீஷ்ல ஒரு வார்த்தைக்குள்ள ஒரு அசை, அதாவது ஒரு சிலபிள், பலமா, கொஞ்சம் நீளமா வரும், மத்த அசையோட உயிரெழுத்து பெரும்பாலும் தேஞ்சு 'அ'வும் இல்லாம 'எ'வும் இல்லாம ஒரு மங்கலான சத்தமாயிடும், அதுக்குப் பேரு ஷ்வா. கேக்கறவங்க அந்தப் பலமான அசையை வச்சுத்தான் வார்த்தையையே பிடிக்கிறாங்க. நாம எல்லா அசையையும் ஒரே மாதிரி முழுசா சொன்னா அவங்களுக்குப் பிடி கிடைக்காது.

தமிழ்ல ஏற்கனவே கலந்துட்ட வார்த்தைங்கதான் ரொம்ப மோசம். ஹோட்டல், கமிட்டி, டெவலப். தெரிஞ்ச வார்த்தைதானேன்னு யாரும் டிக்‌ஷனரி பாக்கறதே இல்ல. ஹோட்டல்ல கடைசி 'டெல்' பலமா வரணும், கமிட்டில 'மி'. நான் ஒரு மீட்டிங்ல டெவலப் டெவலப்னு நாலு தடவை சொன்னேன், மேனேஜர் அம்மா நெத்தியைச் சுருக்கிக்கிட்டே பாத்தாங்க, கடைசில பேப்பர்ல எழுதிக் காட்டினேன். "ஓ, டிவெலப்!"னு 'வெ'யை அழுத்திச் சொன்னாங்க. அன்னிக்கு ராத்திரி டிக்‌ஷனரியை எடுத்தா, அசைக்கு முன்னாடி மேல ஒரு சின்னக் கோடு. ஸ்கூல்லேர்ந்து பாத்துட்டிருக்கற கோடு, அதுதான் அழுத்தக் குறின்னு அன்னிக்குத்தான் தெரிஞ்சுது. (சில டிக்‌ஷனரில அசைக்குப் பின்னாடி போடுவாங்க, முன்னுரையைப் பாத்துக்கோங்க.)

ஷன், இக், இட்டினு முடியற வார்த்தையில பெரும்பாலும் அதுக்கு முந்தின அசையில அழுத்தம் விழும், எஜுகேஷன்ல 'கே', எபிலிட்டில 'பி'. ஃபோட்டோகிராஃப்ல 'ஃபோ', ஃபோட்டோகிராஃபர்னு ஆனதும் ரெண்டாவது அசைக்குத் தாவிடும் (ஃப-'டா'-கிராஃபர்), ஃபோட்டோகிராஃபிக்ல 'கிரா'வுக்கு. ரெக்கார்ட் பெயர்ச்சொல்லா வந்தா முன்னாடி, வினையா வந்தா பின்னாடி, ஆனா ரிப்போர்ட் ரெண்டுக்கும் பின்னாடிதான், அதனால விதியை மட்டும் நம்பாதீங்க. லேபரட்டரி பிரிட்டிஷ்காரங்களுக்கு ரெண்டாவது அசை, அமெரிக்கர்களுக்கு முதல் அசை. நீங்க இருக்கற ஊர் எப்படிச் சொல்லுதோ அப்படி.

அமெரிக்கக் குழந்தைங்க 9 மாசத்துலயே முன்னாடி அழுத்தம் வர்ற வார்த்தையைத்தான் விரும்பிக் கேக்குதுன்னு 1993ல ஒரு ஆய்வு வந்துச்சு. நமக்கு அந்தக் கொடுப்பினை இல்ல, வளந்தப்புறம்தான் காதைப் பழக்கணும். எனக்குப் பழக்கிவிட்டது பக்கத்து சீட்ல இருந்த ஒரு வயசான அம்மா. சாப்பாட்டு நேரத்துல ஒரு ரப்பர் பேண்டை ரெண்டு கட்டைவிரல்லயும் மாட்டிக் குடுத்து, அழுத்தற அசை வரும்போது மட்டும் இழு, மத்த எடத்துல தளத்திடும்பாங்க. டி, இழு வெ, தளத்து லப். ஒரு நாளைக்கு அஞ்சு வார்த்தை, நான் வேலையில நெஜமாவே சொல்ற வார்த்தை மட்டும்.

ஒரு மாசம் கழிச்சு அதே மேனேஜர் முன்னாடி அந்த வார்த்தை வந்துச்சு, மேசைக்கு அடியில கட்டைவிரல் ரெண்டும் தானா விலகிச்சு. யாரும் திருப்பிக் கேக்கல, பேச்சு அடுத்த விஷயத்துக்குப் போயிடுச்சு. அன்னிக்கு ராத்திரி எனக்கு சந்தோஷத்துல தூக்கமே வரல.