‘சாங்க்வின்’ என்றால் திட்டா, பாராட்டா?

கேள்வி: அன்புள்ள அம்மாவுக்கு, பெரம்பூரில் இருக்கிறேன். ப்ளஸ் டூ வரை தமிழ் மீடியம். சோழிங்கநல்லூரில் ஒரு சாஃப்ட்வேர் கம்பெனியில் மூன்று வருடமாக வேலை பார்க்கிறேன். இந்த வருட அப்ரைசலில் மேனேஜர் என்னைப் பற்றி நாலு வரி நல்லதாக எழுதிவிட்டு, கடைசியில் ‘எ லிட்டில் டூ சாங்க்வின் அபவுட் டெட்லைன்ஸ்’ என்று முடித்திருக்கிறார். போனில் டிக்‌ஷனரி பார்த்தால் ‘ரத்தச் சிவப்பு’ என்கிறது, ‘நம்பிக்கை மிகுந்த’ என்கிறது, கீழே ‘ரத்தவெறி கொண்ட’ என்றும் இருக்கிறது. கான்வென்ட்டில் படித்த தோழி, ‘பாசிட்டிவ்வான வார்த்தைதான், ட்ரீட் கொடு’ என்கிறாள். அண்ணன், ‘திட்டியிருக்கார், ஹெச்.ஆர்கிட்ட போ’ என்கிறான். இரண்டு ராத்திரியாகத் தூக்கம் இல்லை. வியாழக்கிழமை மேனேஜரோடு உட்கார்ந்து பேச வேண்டும். கடைசி மூன்று வேலையில் இரண்டு தாமதமானது உண்மை. அதில் ஒன்று கிளையன்ட் டேட்டா அனுப்பாததால். இந்தச் சொல்லுக்கு என்னதான் அர்த்தம்? நான் என்ன பேசுவது?
வாசகி, பெரம்பூர்

பதில்: முதலில் அண்ணனை உட்கார வையுங்கள். ஹெச்.ஆரிடம் போக இதில் ஒன்றும் இல்லை. உங்கள் மேனேஜர் எழுதியதை நம் ஊர்ப் பேச்சில் சொன்னால் இவ்வளவுதான்: ‘நல்லா வேலை செய்யற பொண்ணு. ஆனா தேதின்னு வந்தா எப்பவும் “முடிஞ்சிடும், பாத்துக்கலாம்”னு கொஞ்சம் ஜாஸ்தியாவே தைரியமா இருக்கு.’ உங்கள் சுபாவத்தைப் பற்றிய வார்த்தை அது. அதில் ஒரு சிட்டிகை குறை கலந்திருக்கிறது. தோழி சொல்வது பாதி சரி. மீதிப் பாதி ‘டூ’ என்ற குட்டிச் சொல்லில் இருக்கிறது. அதற்கு அப்புறம் வருகிறேன்.

தமிழ் மீடியம் என்று சொல்லிக்கொண்டே கேட்கிறீர்கள். அந்தக் கூச்சம் வேண்டாம். இங்கிலீஷைத் தாய்மொழியாகப் பேசுகிறவர்களிலேயே நிறையப் பேர் இந்தச் சொல்லைப் பேச்சில் எடுப்பதில்லை. அதிகமும் எழுத்தில் வாழ்கிற சொல். பேப்பரில் பொருளாதாரப் பக்கத்திலும் தலையங்கத்திலும் பார்க்கலாம்.

டிக்‌ஷனரி உங்களைப் பயமுறுத்தியதற்குக் காரணம் உண்டு. இந்தச் சொல் பிறந்ததே ரத்தத்தில். லத்தீனில் ‘சாங்க்விஸ்’ என்றால் ரத்தம். பிரெஞ்சு வழியாக இங்கிலீஷுக்குள் வந்து அறுநூறு வருடத்துக்கு மேல் ஆகிறது. 14-ஆம் நூற்றாண்டின் கடைசியில் கவிஞர் சாசர் தன் கேன்டர்பரி கதைகளின் முன்னுரையில் இதை இரண்டு ஆட்களுக்கு இரண்டு விதமாகப் போட்டிருக்கிறார். அங்கே வரும் வைத்தியர் உடுத்தியிருக்கிற துணி சாங்க்வின், அதாவது ரத்தச் சிவப்பு. இன்னொருவர் வெள்ளைத் தாடி வைத்த நிலக்காரர், சாப்பாட்டுப் பிரியர். அவருக்கோ உடல்வாகே சாங்க்வின் என்கிறார். சிவந்த முகம், கலகலப்பான மனசு, இரண்டும் அந்த ஒரு சொல்லுக்குள் அடக்கம்.

ரத்தத்துக்கும் கலகலப்புக்கும் என்ன சம்பந்தம்? அந்தக் காலத்து ஐரோப்பிய வைத்தியம், கிரேக்கர்களிடமிருந்து வாங்கியது, உடம்பில் நான்கு நீர்கள் ஓடுவதாக நம்பியது. ரத்தம், கபம், மஞ்சள் பித்தம், கரும்பித்தம். 2-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த கேலன் என்ற வைத்தியரின் எழுத்து மூலமாக இந்தக் கணக்கு ஆயிரம் வருடத்துக்கு மேல் நிலைத்தது. எந்த நீர் ஓங்கி நிற்கிறதோ அதுதான் ஆளின் குணம் என்றார்கள். கபம் ஓங்கினால் மந்தம், எதற்கும் அசையாத ஆள். மஞ்சள் பித்தம் என்றால் முன்கோபி. கரும்பித்தம் என்றால் சோகம், ‘மெலன்கலி’ என்ற சொல்லுக்கே கிரேக்கத்தில் கரும்பித்தம் என்றுதான் அர்த்தம். ரத்தம் ஓங்கியவர் முகம் சிவந்து, பசித்துச் சாப்பிட்டு, நன்றாகத் தூங்கி, நாளை நல்லதே நடக்கும் என்று இருப்பார். அவர்தான் சாங்க்வின்.

எங்கேயோ சீமையில் நடந்த பழங்கதை என்று இதை ஒதுக்கிவிட முடியாது. உங்கள் வீட்டிலிருந்து ஒரு பஸ் தூரத்தில், அரும்பாக்கத்தில், அரசு யுனானி மருத்துவக் கல்லூரி இருக்கிறது. ‘யுனானி’ என்றால் கிரேக்கத்தைச் சேர்ந்தது என்று பொருள். நம் பழந்தமிழில் வருகிற ‘யவனர்’ அதே வேர்தான். அங்கே படிக்கும் பிள்ளைகள் அதே நான்கு நீர்களை இன்றைக்கும் அரபுப் பெயரில் படிக்கிறார்கள்: தம், பல்கம், ஸஃப்ரா, ஸவ்தா. தம் என்பது ரத்தம். ரத்தம் மேலோங்கிய சுபாவத்துக்கு ‘தமவி’ என்று பெயர். உங்கள் மேனேஜர் போட்ட சொல்லுக்கு ஒன்றுவிட்ட தம்பி அரும்பாக்கத்தில் குடியிருக்கிறான். எனக்கு இது தெரியவந்தபோது அன்றைக்கு முழுக்க சந்தோஷமாக இருந்தது.

நம் சித்த வைத்தியத்தின் கணக்கு வேறு. வாதம், பித்தம், கபம், மூன்றுதான். வள்ளுவரும் ‘வளிமுதலா எண்ணிய மூன்று’ என்றே சொன்னார். ரத்தம் நமக்கு ஏழு உடற்கட்டுகளில் ஒன்று, குணத்தை நிர்ணயிக்கிற மூன்றில் அது இல்லை. அதனால்தான் தமிழ்க் காதுக்கு ரத்தத்திலிருந்து நம்பிக்கைக்கு வழி தெரிவதில்லை என்று நினைக்கிறேன். பித்தம் தலைக்கேறியவன் நம்மிடம் உண்டு. ரத்தம் என்றால் நமக்குக் கோபம் கொதிக்கும், சொந்தம் துடிக்கும், இளரத்தம் பயமறியாது. ஆனால் ஒன்றை யோசித்துப் பாருங்கள். கெட்ட சேதி கேட்டு வெளிறிப்போனவரை ‘முகத்துல ரத்தமே இல்லையே’ என்கிறோம். அந்த வாக்கியத்தைத் திருப்பிப் போட்டால் சாங்க்வின் கிடைத்துவிடும்.

தமிழில் ஒரே சொல் வேண்டும் என்றால் நான் ‘தெம்பு’ என்பேன். காய்ச்சலிலிருந்து எழுந்தவருக்கு உடம்பில் தெம்பு வருகிறது. துக்க வீட்டில் ‘தெம்பா இரு’ என்கிறோம், அது மனசுக்கு. உடம்பில் ஒரு காலும் மனசில் ஒரு காலுமாக நிற்கிற சொல். சாங்க்வினும் ஒரு காலத்தில் அப்படித்தான் நின்றது. பிற்பாடு உடம்பை விட்டுவிட்டு மனசில் மட்டும் தங்கிவிட்டது. இன்றைக்கு யாராவது எழுதினால் பத்துக்கு ஒன்பது முறை, ‘கவலைப்பட இடமிருந்தும் கவலைப்படாமல் நம்பிக்கையோடு’ என்ற அர்த்தம்தான்.

அந்த ‘கவலைப்பட இடமிருந்தும்’ என்பதில்தான் சொல்லின் உயிர் இருக்கிறது. ஆப்டிமிஸ்டிக் என்றால் நல்லது நடக்கும் என்று எதிர்பார்ப்பவர். கான்ஃபிடன்ட் என்றால் தன் மேல் உறுதி உள்ளவர். சாங்க்வின் ஆளைச் சுற்றி மற்றவர்கள் கையைப் பிசைந்துகொண்டிருப்பார்கள், அவர் மட்டும் காபி குடித்துக்கொண்டிருப்பார். பயாப்ஸி ரிசல்ட் வரும்வரை வீடே சாமி படத்தின் முன்னால் நிற்கும்போது, ‘வந்தா பாத்துக்கலாம்’ என்று பேத்திக்குக் கதை சொல்லும் பாட்டியை நினைத்துக்கொள்ளுங்கள். அங்கே அது பெரிய பாராட்டு. இப்போது ஒரு மாமா. மீனம்பாக்கத்தில் காலை ஒன்பது மணிக்கு ஃப்ளைட். பெரம்பூரிலிருந்து ஏழரைக்குக் கிளம்பினால் போதும் என்கிறார், அதுவும் திங்கட்கிழமை. அவர் ‘டூ சாங்க்வின்’. குணம் அதேதான், அளவு மீறிவிட்டது. உங்கள் மேனேஜரின் ‘டூ’ இதைத்தான் சொல்கிறது. ‘எ லிட்டில்’ என்று முன்னால் போட்டு அதையும் மெத்தென்று ஆக்கியிருக்கிறார்.

டிக்‌ஷனரி ஐந்து அர்த்தம் கொடுத்தால் அதில் மனசுக்குப் பட்ட ஒன்றை எடுத்துக்கொள்கிற வேலை நமக்கில்லை. பக்கத்தில் யார் நிற்கிறார்கள் என்று பாருங்கள். ‘அபவுட்’ வந்துவிட்டாலே நிறமும் ரத்தமும் கழன்றுவிடும். ஒன்றைப் பற்றி ஒருவர் எப்படி நினைக்கிறார் என்பதுதான் பேச்சு. பழைய எழுத்தில் ‘சாங்க்வின் ஆஃப் சக்ஸஸ்’ என்று ‘ஆஃப்’ போட்டும் வரும். இன்னொரு பழக்கம், இந்தச் சொல் எதிர்மறையில் ரொம்ப வசதியாக உட்காரும். ‘நாட் வெரி சாங்க்வின்’, ‘லெஸ் சாங்க்வின்’. 2015 டிசம்பரில் வேளச்சேரியில் வீட்டுக்குள் தண்ணீரைப் பார்த்தவர், 24 அடி கொள்ளும் செம்பரம்பாக்கம் ஏரி 22 அடியைத் தொட்டது என்று செய்தி கேட்டால் எப்படி இருப்பார்? நாட் வெரி சாங்க்வின் அபவுட் த ரெய்ன். எனக்குத் தெரிந்து இதைவிடப் பொருத்தமான உதாரணம் சென்னையில் கிடையாது.

நிறப் பொருளைப் பற்றி ஒரு வரி போதும். படம் வரைகிறவர்கள் ஒருவகைச் செஞ்சுண்ணக் கோலுக்கு இதே பெயரைச் சொல்வார்கள். இத்தாலியில் டூரின் நகரத்து அரச நூலகத்தில் இருக்கும், லியோனார்டோ டா வின்சியின் சுய உருவம் என்று சொல்லப்படும் தாடிக்காரர் படம் செஞ்சுண்ணத்தில் வரைந்ததுதான். அப்ரைசலுக்கு அது தேவைப்படாது.

ரத்தவெறி விஷயத்தைச் சொல்லியாக வேண்டும், உங்கள் தூக்கத்தைக் கெடுத்தது அதுதானே. பழைய இலக்கியத்தில் சாங்க்வின் அப்படியும் வந்திருக்கிறது. இன்றைக்கு அந்த வேலையைச் செய்வது பக்கத்து வீட்டுச் சொல், ‘சாங்க்வினரி’. வால் கொஞ்சம் நீளம், அர்த்தம் முழுக்க வேறு. ரத்தம் சிந்துகிற போர், கொலைவெறி பிடித்த மன்னன், அங்கேதான் அது வரும். நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில், மவுண்ட் ரோடு பக்கம் ஒரு பத்திரிகையில், விவசாயிகள் மழை குறித்து சாங்க்வினாக இருக்கிறார்கள் என்று வந்த செய்தி, ‘விவசாயிகள் ரத்தக் கொதிப்பில் இருக்கிறார்கள்’ என்று தமிழாகி அச்சுக்குப் போய்விட்டது. மொழிபெயர்த்தவர் நல்ல படிப்பாளி. அவசரத்தில் வேரை மட்டும் பார்த்தார், பக்கத்தில் நின்ற ‘அபவுட்’டைப் பார்க்கவில்லை. மறுநாள் அவர் முகத்தைப் பார்க்க எனக்குக் கஷ்டமாக இருந்தது. அன்றிலிருந்து தெரிந்த சொல்லாக இருந்தாலும் அதன் அக்கம்பக்கத்தைப் பார்க்காமல் நான் விடுவதில்லை.

இதே குடும்பத்தில் உங்கள் வீட்டுக்கே வந்து போயிருக்கக்கூடிய சொல் ஒன்றும் உண்டு. பிரசவத்துக்குப் போகிற பெண்ணிடம் டாக்டர், ‘சொந்தத்துல கல்யாணமா?’ என்று கேட்டுவிட்டு கேஸ் ஷீட்டில் குறிப்பது ‘கன்சாங்க்வினியஸ் மேரேஜ்’. ஒரே ரத்தத்தில் நடந்த திருமணம். தாய்மாமனைக் கட்டியிருந்தால் செகண்ட் டிகிரி, அத்தை மகன், மாமா மகன் என்றால் தேர்ட் டிகிரி என்று எழுதுவார்கள். அம்மாவின் பழைய ஃபைல் இருந்தால் எடுத்துப் பாருங்கள்.

சரி, வியாழக்கிழமைக்கு வருவோம்.

‘சாங்க்வின்னா என்ன சார்?’ என்று ஆரம்பிக்க வேண்டாம். கேட்பதில் தப்பில்லை, ஆனால் பேச்சு சொல்லின் பக்கம் போய்விடும், தேதி அப்படியே நிற்கும். எந்த வேலையை மனசில் வைத்து எழுதினார் என்று கேளுங்கள். அவர் சொல்லும்வரை குறுக்கே பேசாதீர்கள். இரண்டில் ஒன்று உங்கள் கணக்குத் தப்பியதால் தாமதம் என்றால் நேராக ஒப்புக்கொள்ளுங்கள். தேதி கேட்ட இடத்தில் ‘முடிச்சிடலாம்’ என்று சொன்ன வாய் உங்களுடையதுதானே? கடிதத்திலேயே அதை மறைக்காமல் எழுதியிருக்கிறீர்கள், எனக்குப் பிடித்தது அதுதான். இனிமேல் தேதி சொல்வதற்கு முன் ஒரு நாள் அவகாசம் கேட்டு வாங்கிக்கொள்கிறேன் என்று சொல்லுங்கள். அந்த ஒரு நாளில், எதெல்லாம் உங்கள் கையில் இல்லையோ அதை எழுதிப் பாருங்கள்.

உங்களுக்கே இந்தச் சொல்லைப் போட ஆசை வந்தால், மெயிலில் போடுங்கள், மீட்டிங்கில் வேண்டாம். வாய்விட்டுச் சொல்வதானால் ‘சாங்’கில் அழுத்தம் கொடுத்து, ‘க்வின்’னை லேசாக விடுங்கள். ‘க்வைன்’ என்று இழுக்க வேண்டாம்.

கிளையன்ட் டேட்டா தராமல் தாமதமான அந்த வேலை மட்டும் தனி. அதற்கு நீங்கள் தலை குனிய வேண்டியதில்லை. டேட்டா கேட்டு நீங்கள் அனுப்பிய மெயில்கள் இருக்கும், தேதிவாரியாக எடுத்து ஒரு பக்கத்தில் வைத்துக்கொண்டு போங்கள். அந்தப் பக்கத்தை அவரிடம் காட்டி, அப்ரைசலில் அதையும் ஒரு வரி சேர்க்க முடியுமா என்று கேளுங்கள்.