கார்ட்டூன் கதை எழுதப் போகிறேன் என்கிற மகளும், பயப்படுகிற அம்மாவும்

“கார்ட்டூனுக்குக் கதை எழுதுறதுதான் வேலைன்னு பிடிவாதமா நிக்கிறா, இதுல சோறு கிடைக்குமா?” என்று கேட்டிருக்கிறீர்கள் அம்மா. கிடைக்கும். ஆனால் எழுத்தை மட்டும் நம்பினால் மாதாமாதம் கிடைக்கும் என்று சொல்ல மாட்டேன். இந்த வேலையில் நிறையப் பேர் எபிசோடுக்கு இவ்வளவு என்று ஒப்பந்தத்தில் எழுதுகிறவர்கள், சீசன் முடிந்தால் அடுத்த அழைப்பு வரும்வரை கையில் வேலை இருக்காது. அதனால்தான் பலர் கூடவே வகுப்பும் எடுக்கிறார்கள்.

முதலில் வேலை எப்படிப்பட்டது என்று அவளுக்குத் தெரியுமா பாருங்கள். குழந்தைகள் தொடரில் ஒரு கதை பெரும்பாலும் 11 நிமிடம். முதலில் கதைக்கரு ஒரு பக்கத்துக்குள், அது தேறினால் காட்சி வாரியாகச் சுருக்கம், அப்புறம்தான் வசனத்தோடு முழு ஸ்கிரிப்ட். ஒவ்வொரு கட்டத்திலும் ஸ்டோரி எடிட்டர் (தொடரின் கதைகளைச் சீர்படுத்துகிறவர்), தயாரிப்பாளர், சேனல் என்று ஆளாளுக்குத் திருத்தம் சொல்வார்கள், முகம் சுளிக்காமல் திரும்ப எழுத வேண்டும். “அவனுக்குக் கோபம் வருகிறது” என்று எழுதினால் வரைபவருக்கு அதில் பிடிமானமே இல்லை. “பென்சிலை இரண்டாக ஒடிக்கிறான், உடனே பதறிப்போய் ஒட்டவைக்கப் பார்க்கிறான்” என்று எழுதினால் அவர் கை தானாக ஓடும். “ஊரே திரண்டு வருகிறது” என்று ஒரே வரியில் எழுதிவிடலாம்தான், ஆனால் அந்தக் கூட்டத்தில் ஒவ்வொரு ஆளையும் யாரோ வடிவமைத்து அசைக்க வேண்டுமே, செலவைப் பார்த்ததும் அந்த வரியைத்தான் முதலில் வெட்டுவார்கள்.

படம் வரையத் தெரிந்தே ஆக வேண்டும் என்பதில்லை. தெரிந்தால் இன்னொரு வாசல் திறக்கும். ‘ஸ்பாஞ்ச்பாப்’ போன்ற தொடர்களில் கதைச் சுருக்கத்தை வைத்துக்கொண்டு ஸ்டோரிபோர்டு கலைஞர்களே, அதாவது கதையைக் காட்சி காட்சியாக வரைகிறவர்களே, வசனம்வரை எழுதியிருக்கிறார்கள்.

ஒரு தடவை எழுதினால் காலம் பூராவும் பணம் வரும் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். அமெரிக்காவிலேயே அனிமேஷன் கில்ட் என்கிற தொழிற்சங்கத்தின் கீழ் எழுதுகிறவர்களுக்கு மறுஒளிபரப்புப் பணம் நேராகக் கைக்கு வருவதில்லை, ஓய்வூதிய, மருத்துவத் திட்டங்களுக்குத்தான் போகிறது.

சரி, பலர் கூடவே வகுப்பும் எடுக்கிறார்கள் என்றேனே, அந்த ஆசிரியர் வேலைக்கு வருவோம். இங்கே கவனமாக இருங்கள், ஏனென்றால் இரண்டு வேலைக்கும் கேட்பது வேறு வேறு. எழுத்து வேலைக்கு மாதிரி ஸ்கிரிப்ட்தான் முக்கியம், சான்றிதழை யாரும் பெரிதாகப் பார்ப்பதில்லை. பள்ளியில் கலை ஆசிரியராகப் போக வேண்டுமென்றால் பட்டமும் கற்பிப்பதற்கான தகுதியும் கேட்பார்கள், கல்லூரி என்றால் பெரும்பாலும் முதுகலை. தனியார் பட்டறைகளில் மட்டும் வேலை அனுபவம் போதுமானதாக இருக்கலாம். ஆகவே “திறமை இருந்தா போதும், டிகிரி எதுக்கு” என்று அவள் சொன்னால் அந்த ஒரு விஷயத்தில் விட்டுக்கொடுக்காதீர்கள். என்ன பட்டம் என்பதை அவளே முடிவு செய்யட்டும்.

ஆனால் “கதை சரிப்படலன்னா டீச்சராயிக்கலாம்” என்று மட்டும் தயவுசெய்து சொல்லாதீர்கள். வேண்டாவெறுப்பாக வந்து நிற்கிற ஆசிரியரைப் பிள்ளைகள் ஒரே வகுப்பில் கண்டுபிடித்துவிடுவார்கள், அது அவர்களுக்கும் நல்லதில்லை, இவளுக்கும் நல்லதில்லை. அவளுக்குக் கற்பிப்பது பிடிக்குமா என்று இப்போதே பார்க்கலாம்: விடுமுறையில் சின்னப் பிள்ளைகள் நாலைந்து பேரைச் சேர்த்துக் கதை சொல்லவும் வரையவும் சொல்லிக்கொடுக்கட்டும். அவர்கள் எந்த இடத்தில் சிரிக்கிறார்கள், எங்கே கவனம் சிதறி நெளிய ஆரம்பிக்கிறார்கள் என்று கண்ணால் பார்ப்பது எழுத்துக்கும் பெரிய பாடம்.

இந்த வருடம் அவள் கையில் எழுதி முடித்த ஸ்கிரிப்ட் குறைந்தது இரண்டு இருக்க வேண்டும். ஒன்று, ஏற்கெனவே ஓடுகிற தொடரின் பாத்திரங்களை வைத்து எழுதியது, இன்னொன்று முழுக்க அவளுடையது. தலைக்குள் இருக்கிற ஐடியா கணக்கில் சேராது. பெரிய தொகை கேட்கிற பயிற்சி நிலையம் எதிலாவது சேர்ப்பதற்கு முன், அங்கே படித்த மாணவர்கள் எழுதி முடித்த ஸ்கிரிப்ட்டுகளைக் காட்டச் சொல்லுங்கள். காட்டத் தயங்கினால் பணத்தைக் கட்டாமல் வந்துவிடுங்கள்.